அரசுக் கட்டுமானப் பணிகளில் நிலுவைத் தொகை: வழக்குத் தொடுக்கும் முன் ஒப்பந்ததாரர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

கட்டடம், சாலை, பாலம், கால்வாய், குடிநீர்க் குழாய் என ஏதோ ஒரு பணியை அரசுத் துறைக்கோ உள்ளாட்சி அமைப்புக்கோ முடித்துக் கொடுத்துவிட்டு, பில் தொகைக்காக ஆண்டுக்கணக்கில் அலைந்துகொண்டிருப்பவர்கள் கேட்கும் கேள்விகளுக்கு, இந்தியச் சட்டத்தையும் தமிழ்நாட்டு நடைமுறையையும் ஒட்டி இங்கே பதில் தரப்பட்டுள்ளது. ஒப்பந்த நிபந்தனைகள் துறைக்குத் துறை மாறுவதால், எந்தப் பதிலையும் உங்கள் ஒப்பந்த ஆவணத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தே பயன்படுத்த வேண்டும்.

வேலை முடிந்துவிட்டது, பணம் வரவில்லை. முதலில் எதைப் பார்க்க வேண்டும்?

நிலுவையாக இருப்பது எந்த வகைத் தொகை என்பதை முதலில் பிரித்துப் பார்க்க வேண்டும். அளவுகள் பதிவாகி, பில் தயாராகி, கணக்குப் பிரிவும் ஒப்புக்கொண்ட பிறகு பணம் மட்டும் வராமல் நிற்பது ஒரு வகை. செய்த வேலையின் அளவையே துறை மறுப்பது வேறொரு வகை. ஒப்பந்தத்தில் இல்லாத கூடுதல் வேலைக்கான தொகை, விலை உயர்வுத் தொகை, திருப்பித் தராத காப்பு வைப்புத் தொகை, தாமதத்துக்காகப் பிடித்த அபராதம், வேலையைப் பாதியில் பறித்துக்கொண்டதால் ஏற்பட்ட இழப்பு ஆகிய ஒவ்வொன்றும் தனித்தனி. இவற்றுக்குத் தேவைப்படும் சான்றும், வழக்குத் தொடுப்பதற்கான காலவரம்பு ஓடத் தொடங்கும் நாளும், செல்ல வேண்டிய மன்றமும் வேறுபடும். எல்லாவற்றையும் கூட்டி ஒரே தொகையாக எழுதிக் கேட்கும் கடிதங்கள்தான் பிற்பாடு நீதிமன்றத்தில் அதிகத் தொல்லை தருகின்றன. எதிர்த்தரப்பு அவற்றில் மிகவும் பலவீனமான கோரிக்கையைக் கையிலெடுத்துக்கொண்டு மொத்தத்தையும் சந்தேகத்துக்கு உள்ளாக்கிவிடும்.

அளவுப் புத்தகத்துக்கு ஏன் இவ்வளவு முக்கியத்துவம்? அது துறையின் கையில்தானே இருக்கிறது?

எம்.புக் என்று எல்லோரும் சொல்லும் அளவுப் புத்தகம்தான் அரசுப் பணிகளில் பணம் தருவதற்கான மூல ஆவணம். களப் பொறியாளர் அளந்து பதிகிறார். மேலதிகாரி அதில் குறிப்பிட்ட பங்கைச் சரிபார்க்கிறார். ஒப்பந்ததாரர் அளவுகளை ஏற்றுக் கையொப்பமிடுகிறார். அதிலிருந்துதான் பகுதிப் பில்லும் இறுதிப் பில்லும் பிறக்கின்றன. அதில் ஏறிவிட்ட அளவைத் துறை பின்னாளில் மறுப்பது கடினம். ஏறாத அளவை ஒப்பந்ததாரர் நிறுவுவதும் அதே அளவுக்குக் கடினம்.

ஆகவே அளவு எடுக்கும் நாளில் நீங்களோ உங்கள் பொறியாளரோ களத்தில் இருப்பதும், ஏற்காத அளவுகளின் எதிரில் ஆட்சேபத்துடன் கையொப்பமிடுவதும், அதே நாளில் அந்த ஆட்சேபத்தைக் கடிதமாக அனுப்பி ஒப்புகை பெறுவதும் அவசியம். அடித்தளம், மண் வெட்டு, புதைக்கப்படும் குழாய், கான்கிரீட்டுக்குள் மறையும் கம்பி போன்றவற்றை மூடிய பிறகு யாரும் அளக்க முடியாது. மூடுவதற்கு முன் அளந்துகொள்ளும்படி எழுத்தில் கேட்டிருந்தும் துறை வரவில்லை என்றால், அந்தக் கடிதமே பாதி வழக்கை வென்று தரும்.

புத்தகம் துறையிடம் இருப்பது உண்மைதான். எனினும் 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் அதன் நகலையும், பில் தொடர்பான கோப்புக் குறிப்புகளையும் கேட்கலாம்; 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். இந்த வேலையை வழக்குத் தொடுத்த பிறகு அல்ல, முன்பே செய்வது நல்லது. வழக்கு நடக்கையில் ஆவணத்தை முன்னிலைப்படுத்த உத்தரவு கேட்கலாம். உத்தரவிட்டும் துறை தராவிட்டால், அது தனக்குப் பாதகமானதை மறைக்கிறது என்று நீதிமன்றம் ஊகிக்க இடமுண்டு. வெளியே தெரியும் வேலைகளாயின், நீதிமன்றம் சார்பில் இடத்தைப் பார்வையிடும் வழக்கறிஞர் ஆணையரை நியமித்து, பொறியாளர் உதவியுடன் அளக்கச் செய்யவும் மனு போடலாம். கைப்பேசியில் எடுத்த படங்களும் வாட்ஸ்அப் செய்திகளும் சான்றாகும். ஆனால் 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆவது பிரிவு கேட்கும் சான்றிதழை அவற்றோடு இணைக்க வேண்டும்.

அதிகாரி வாய்மொழியாகச் சொன்னதால் கூடுதல் வேலை செய்தேன். எழுத்தில் எதுவும் இல்லை. பணம் கேட்க முடியுமா?

கேட்கலாம், ஆனால் ஒப்பந்தத்தின்பேரில் அல்ல. அரசமைப்புச் சட்டத்தின் 299-ஆவது உறுப்பின்படி, அரசு செய்யும் ஒப்பந்தம் குடியரசுத் தலைவர் அல்லது ஆளுநர் பெயரில், அதற்கென அதிகாரம் பெற்றவரால், உரிய முறையில் நிறைவேற்றப்பட வேண்டும். அவ்வாறு இல்லாவிட்டால் அது அரசைக் கட்டுப்படுத்தாது. பொதுப்பணத்தை எந்த அதிகாரியும் தன் வாய்ச்சொல்லால் கடனில் மாட்டிவிடக் கூடாது என்பதே இதன் நோக்கம்.

அதே சமயம், பயனை அனுபவித்துக்கொண்டு பணம் தர மாட்டேன் என்று அரசு சொல்வதையும் சட்டம் அனுமதிப்பதில்லை. 1872-ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 70-ஆவது பிரிவு, இலவசமாகச் செய்யும் எண்ணமின்றி ஒருவர் சட்டப்படி செய்து கொடுத்த வேலையின் பயனை மற்றவர் அனுபவித்தால், அவர் ஈடு செய்யக் கடமைப்பட்டவர் என்கிறது. மேற்கு வங்க அரசு எதிர் பி.கே. மண்டல் அண்ட் சன்ஸ் வழக்கு இதற்கு அடிக்கல். 1944-இல் வங்காளத்தின் உணவு வழங்கல் துறை அதிகாரிகள் கேட்டதன்பேரில், முறையான ஒப்பந்தமின்றிக் கட்டிக் கொடுத்த கட்டடங்களுக்கும் பிற வேலைகளுக்கும் அந்த ஒப்பந்ததாரர் தொகை கேட்டார். 299-ஆவது உறுப்புக்கு முன்னோடியான விதி பின்பற்றப்படவில்லை என்றாலும் 70-ஆவது பிரிவின்கீழ் ஈடு தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு கூறியது.

இந்த வழி கைகொடுக்க மூன்று விஷயங்கள் நிறுவப்பட வேண்டும்: வேலை சட்டப்படி செய்யப்பட்டது, இலவச எண்ணம் இல்லை, அரசு அதை ஏற்றுப் பயன்படுத்துகிறது. கிடைப்பதும் நீங்கள் நினைத்த விலையாக இராது. வேலையின் நியாயமான மதிப்பையே நீதிமன்றம் கணக்கிடும். வாய்மொழி உத்தரவு வந்த அன்றே, "தாங்கள் இன்று களத்தில் அறிவுறுத்தியபடி இந்த வேலையைத் தொடங்குகிறோம்" என்று ஒரு வரி எழுதி அனுப்பிவிட்டால், பிற்காலத்தில் இந்தச் சுற்று வழியே பெரும்பாலும் தேவைப்படாது. அதிகாரி மனம் கோணுவார் என்ற தயக்கத்தில்தான் பலர் அதைச் செய்வதில்லை. அதே அதிகாரி மாற்றலாகிப் போன பிறகு, அவர் இடத்துக்கு வருபவருக்கு அந்த வாய்ச்சொல்லைப் பற்றி எதுவும் தெரிந்திராது.

வழக்குத் தொடுக்க எவ்வளவு காலம் இருக்கிறது?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலை மட்டும் படிக்க நேரம் இருந்தால், இதைப் படியுங்கள். 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டப்படி பொதுவாக மூன்று ஆண்டுகள். பணம் தர வேண்டிய நாள் குறிக்கப்படாத வேலைக்கான கூலி அல்லது விலை என்றால், அட்டவணையின் 18-ஆவது இனத்தின்படி வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகள். வேறு இனங்களில் அடங்காத கோரிக்கைகளுக்கு 113-ஆவது இனத்தின்படி, வழக்கிடும் உரிமை எழுந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகள். காப்பு வைப்புத் தொகைக்குக் கணக்கு வேறு. குறை தென்பட்டால் ஒப்பந்ததாரரே சரிசெய்து தர வேண்டிய குறைபாட்டுப் பொறுப்புக் காலம் முடிந்து அதைத் திருப்பித் தர வேண்டிய நாள் எது என்று ஒப்பந்தத்தில் பார்க்க வேண்டும். இதே சட்டத்தின் 112-ஆவது இனம், அரசு வழக்கிடுவதற்கு 30 ஆண்டுகள் தருகிறது என்பதையும் அறிந்துகொள்ளுங்கள். காலம் இரு தரப்புக்கும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை.

மனு மேல் மனு கொடுத்துக்கொண்டிருந்தால் காலம் நீளும் என்ற நம்பிக்கை ஒப்பந்ததாரர்களிடையே ஆழமாக வேரூன்றியிருக்கிறது. அது தவறு. நினைவூட்டல் கடிதங்களால் வழக்கு உரிமை எழுந்த நாளைத் தள்ளிப்போட முடியாது என்று 1988-இல் மேஜர் இந்தர் சிங் ரேகி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. 2019-இல் ஜியோ மில்லர் வழக்கில், நியாயமான ஒருவர் பேச்சுவார்த்தையைக் கைவிட்டு நடுவர் முறையை (நீதிமன்றத்துக்குப் பதிலாக நடுநிலையான ஒருவர் தகராறைத் தீர்க்கும் முறை) நாடியிருக்கக்கூடிய முறிவுப் புள்ளி எது என்பதைப் பார்த்தே காலத்தை எண்ண வேண்டும் என்று விளக்கியது. அந்தக் கட்டம் தாண்டிய பின் எழுதிய கடிதங்கள் அதில் ஒப்பந்ததாரருக்கு உதவவில்லை. கடிதம் எழுதுவது தவறல்ல, அதையே பாதுகாப்பாக நம்பிக் காத்திருப்பதுதான் தவறு.

காலத்தை உண்மையில் புதுப்பிக்கக்கூடியவை சில உண்டு. மூன்று ஆண்டுகள் முடிவதற்குள், பொறுப்பை ஒப்புக்கொண்டு அதிகாரம் பெற்றவர் கையொப்பமிட்ட எழுத்து இருந்தால், காலவரம்புச் சட்டத்தின் 18-ஆவது பிரிவின்படி அந்த நாளிலிருந்து புதிதாகக் காலம் தொடங்கும். அந்த எழுத்து உங்களுக்கே எழுதப்பட்டிருக்க வேண்டும் என்பதில்லை. வேறொருவருக்கு எழுதியதாக இருந்தாலும் போதும் என்று அந்தப் பிரிவின் விளக்கமே சொல்கிறது. ஆகவே, "இந்தப் பணிக்கான இறுதிப் பில் தொகை வழங்கப்படாமல் உள்ளது, நிதி ஒதுக்க வேண்டுகிறேன்" என்று செயற்பொறியாளர் கண்காணிப்புப் பொறியாளருக்கு அனுப்பிய கடிதம் உங்கள் வழக்கைக் காப்பாற்றக்கூடும். தகவல் அறியும் உரிமை மனுவில் இத்தகைய கடிதங்களைத்தான் குறிப்பாகத் தேட வேண்டும். மூன்று ஆண்டுகளுக்குள் பகுதித் தொகை வழங்கப்பட்டு, அது எழுத்திலோ பணம் தந்தவரின் கையொப்பத்திலோ பதிவாகியிருந்தால், 19-ஆவது பிரிவு பொருந்தும். அதிகார வரம்பில்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்துடன் வழக்காடிய காலத்தை 14-ஆவது பிரிவின்படி கழித்துக்கொள்ளலாம். வழக்குக்கு முன் அரசுக்குத் தர வேண்டிய கட்டாய அறிவிப்பின் காலமும் கழியும்.

சிவில் நீதிமன்றமா, நடுவரா?

ஒப்பந்தத்தில் நடுவர் முறைக்கான நிபந்தனை இருக்கிறதா என்பதே முதல் கேள்வி. இருந்தால், நீங்கள் சிவில் வழக்குப் போட்டாலும், 1996-ஆம் ஆண்டின் நடுவர் மற்றும் சமரசச் சட்டத்தின் 8-ஆவது பிரிவின்கீழ் துறை உரிய நேரத்தில் மனு செய்தால் நீதிமன்றம் உங்களை நடுவரிடம் அனுப்பிவிடும். சில மாநிலத் துறைகளின் நிபந்தனைகளில் குறிப்பிட்ட தொகைக்கு மேற்பட்ட கோரிக்கைகள் சிவில் நீதிமன்றத்துக்கே செல்ல வேண்டும் என்று இருப்பதால், அந்த வரியைத் தவறவிடாதீர்கள். மத்திய அரசுக் கொள்முதல்களில் நடுவர் நிபந்தனையை வழக்கமாகச் சேர்க்க வேண்டாம், சேர்ப்பதானால் 10 கோடி ரூபாய்க்குக் குறைவான தகராறுகளுக்கு மட்டும் வைத்துக்கொள்ளலாம் என்று மத்திய நிதி அமைச்சகம் 2024 ஜூனில் வழிகாட்டியிருக்கிறது. எனவே இனிவரும் ஒப்பந்தங்களில் நீதிமன்ற வழக்குகள் கூடவே வாய்ப்பு அதிகம்.

துறையின் பொறியாளரே நடுவராக அமர்வது ஒரு காலத்தில் வழக்கமாக இருந்தது. 2015-ஆம் ஆண்டுத் திருத்தம், ஒரு தரப்பின் ஊழியர் போன்றோரை நடுவராக இருக்கத் தகுதியற்றவர்கள் ஆக்கியது. 2024 நவம்பர் 8 அன்று, ரயில்வே மின்மயமாக்கல் அமைப்பு தொடர்பான வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, ஒரு தரப்பே தனித்து நடுவரை நியமிக்கும் நிபந்தனை அரசு ஒப்பந்தங்களில் சமத்துவ உரிமையைக் கூறும் 14-ஆவது உறுப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. பழைய ஒப்பந்தத்தில் அத்தகைய வரி இருப்பதைக் கண்டு மனம் தளர வேண்டாம். நடுவர் சட்டத்தின் 11-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை அணுகி நடுநிலையான ஒருவரைக் கேட்கலாம். 21-ஆவது பிரிவின்படி, தகராறை நடுவருக்கு அனுப்பக் கோரும் அறிவிப்பு எதிர்த்தரப்புக்குக் கிடைத்த நாளில்தான் நடவடிக்கை தொடங்கியதாகக் கருதப்படும். காலவரம்பும் அந்த நாளைக் கொண்டே பார்க்கப்படும்.

நடுவர் நிபந்தனை இல்லையென்றால், கட்டுமான ஒப்பந்தத் தகராறு 2015-ஆம் ஆண்டின் வணிக நீதிமன்றச் சட்டத்துக்குள் வரும். ஒரு தரப்பு அரசு என்பதால் அது வணிகத் தகராறு அல்லாமல் போவதில்லை என்று அந்தச் சட்டமே தெளிவுபடுத்துகிறது. தொகை வரம்பு 2018-இல் 1 கோடியிலிருந்து 3 லட்சம் ரூபாயாகக் குறைக்கப்பட்டதால், சிறிய ஒப்பந்ததாரர்களின் வழக்குகளும் இங்கேதான் வருகின்றன. அவசர இடைக்கால நிவாரணம் கேட்காத வழக்குகளில், வழக்குக்கு முந்தைய சமரச முயற்சி கட்டாயம். அதைச் செய்யாமல் தாக்கலான வழக்குரை நிராகரிக்கப்படும் என்று 2022-இல் பாட்டீல் ஆட்டோமேஷன் வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. அரசுத் துறை பெரும்பாலும் சமரசத்துக்கு வராது என்பதால் இது வெறும் சடங்காகத் தோன்றலாம். ஆனாலும் தவிர்க்க முடியாத சடங்கு. ஒப்பந்ததாரர்களுக்கு இச்சட்டத்தில் கிடைக்கும் பெரிய பயன், 120 நாட்களுக்குள் துறை எதிர்வழக்குரை (வழக்குக்கான பதில்) தாக்கல் செய்யாவிட்டால் அந்த உரிமையை அது இழந்துவிடும் என்பதே. நீதிமன்றக் கட்டணத்தையும் கணக்கில் கொள்ளுங்கள்: தமிழ்நாட்டில் தொகை கோரும் வழக்குகளுக்கு 7.5 சதவீதமாக இருந்த கட்டணம் 2017-இல் 3 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. 50 லட்சம் ரூபாய் கேட்டால் ஒன்றரை லட்சம் ரூபாய் முதலிலேயே கட்ட வேண்டியிருக்கும்.

வழக்குக்கு முன் அறிவிப்பு அனுப்புவது கட்டாயமா?

மத்திய, மாநில அரசுகளுக்கு எதிரான சிவில் வழக்கென்றால் கட்டாயம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவின்படி எழுத்தில் அறிவிப்பு கொடுத்து, இரண்டு மாதங்கள் முடிந்த பிறகே வழக்குத் தொடுக்க முடியும். மாநில அரசுக்கு எதிரானதென்றால் அரசுச் செயலருக்கோ மாவட்ட ஆட்சியருக்கோ, ரயில்வே தொடர்பானதென்றால் அந்த ரயில்வேயின் பொது மேலாளருக்கோ அனுப்ப வேண்டும். செயற்பொறியாளருக்கு மட்டும் வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டு வழக்குப் போடுவது அடிக்கடி நிகழும் பிழை. வழக்கின் காரணம், கேட்கும் நிவாரணம், வாதியின் பெயர், முகவரி ஆகியவை அதில் இருக்க வேண்டும். உடனடி நிவாரணம் தேவைப்பட்டால் நீதிமன்ற அனுமதியுடன் அறிவிப்பின்றியும் தாக்கல் செய்யலாம். மாநகராட்சி, வாரியம், அரசு நிறுவனம் போன்றவை இந்தப் பிரிவில் சொல்லப்படும் அரசு அல்ல. ஆனால் அவற்றின் சொந்தச் சட்டங்களில் தனி அறிவிப்பு விதிகள் இருக்கலாம்.

வழக்குரையில் பிரதிவாதியின் பெயர், மாநில அரசு அல்லது இந்திய ஒன்றியம் என்றே இருக்க வேண்டும். துறை என்பது தனிச் சட்ட நபர் அல்ல.

நேரடியாக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் விரைவாக முடியாதா?

சில வழக்குகளில் முடியும், பலவற்றில் முடியாது. ஒப்பந்தத் தொகையை வசூலிக்க ரிட் உரிய வழியல்ல என்று 1996-இல் பிரிட்ஜ் அண்ட் ரூஃப் வழக்கில் கூறிய உச்ச நீதிமன்றம், 2003-இல் ஏபிஎல் இன்டர்நேஷனல் வழக்கில், அரசு தன்னிச்சையாக நடந்துகொள்ளும்போது ஒப்பந்த விவகாரமாக இருந்தாலும் ரிட் அடியோடு தடைபடாது என்றது. சூர்யா கன்ஸ்ட்ரக்‌ஷன்ஸ் வழக்கில், தொகை பற்றித் தகராறே இல்லாதபோது ஒப்பந்ததாரரை சிவில் நீதிமன்றத்துக்கு அனுப்பியது சரியல்ல என்று சொன்னது. இவற்றைச் சேர்த்துப் படித்தால், ஒப்புக்கொண்ட தொகைக்கு ரிட் பொருந்தும், அளவிலோ தரத்திலோ தகராறு இருந்தால் பொருந்தாது என்பது விளங்கும்.

நடைமுறையில், "மனுதாரரின் கோரிக்கையைக் குறித்த வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்" என்ற உத்தரவோடு பல மனுக்கள் முடிந்துவிடுகின்றன. அதைக் கையில் வாங்கியவர் வெற்றி பெற்றதாக நினைக்கிறார். துறை பரிசீலித்து நிராகரித்துவிட்டால் மீண்டும் தொடக்கப் புள்ளிதான். தமிழ்நாட்டிலிருந்து சென்ற சி. ஜேக்கப் வழக்கில், பணி ஓய்வு தொடர்பான விவகாரமாக இருந்தாலும், இத்தகைய பரிசீலனை உத்தரவும் அதன் பேரில் வந்த பதிலும் காலம் கடந்த கோரிக்கைக்கு உயிர் கொடுக்காது என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் எச்சரித்தது. மூன்று ஆண்டு முடியும் தறுவாயில் ரிட் மனுவை மட்டும் நம்புவது ஆபத்தானது.

இறுதிப் பில்லைப் பெற, "வேறு கோரிக்கை எதுவும் இல்லை" என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். எல்லாம் முடிந்ததா?

முடியவில்லை, ஆனால் உங்கள் சுமை கூடிவிட்டது. அப்படி எழுதித் தந்தால்தான் பில் நகரும் என்ற நிலையில் எத்தனையோ பேர் கையொப்பமிடுகிறார்கள் என்பது நீதிமன்றங்களுக்கும் தெரியும். 2004-இல் தேசிய அனல் மின் கழகத்துக்கும் ரேஷ்மி கன்ஸ்ட்ரக்‌ஷன்ஸுக்கும் இடையிலான வழக்கில், நெருக்கடியில் தந்த அத்தகைய சான்று நடுவரை நாடும் உரிமையை அழித்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் கருதியது. 2008-இல் போகாரா பாலிஃபேப் வழக்கு, வற்புறுத்தலாலோ மோசடியாலோ பெற்ற தீர்வுச் சான்று எப்போது செல்லாது என்பதை விரிவாக வகுத்தது. ஆனால் வெறுமனே "வற்புறுத்தினார்கள்" என்று சொன்னால் போதாது. பில் தொகை கணக்கில் ஏறியதும் தாமதமின்றி எழுதிய ஆட்சேபக் கடிதம் இருப்பவருக்கும், இரண்டு ஆண்டுகள் கழித்து முதன்முறையாக அதைச் சொல்பவருக்கும் ஒரே பதில் கிடைக்காது.

வேலை தாமதமானதற்கு நான் காரணமல்ல. ஆனாலும் அபராதம் பிடித்துவிட்டார்கள். என்ன செய்யலாம்?

தாமதம் யாரால் என்பதே இங்கு முழு வழக்கும். நிலம் ஒப்படைக்காதது, மின்கம்பமும் குடிநீர்க் குழாயும் அகற்றப்படாதது, வரைபடம் தாமதமாக வந்தது, இடையில் வடிவமைப்பை மாற்றியது, பகுதிப் பில்களை நிறுத்தி வைத்தது ஆகியவை துறையின் பக்கம் விழும் காரணங்கள். இவற்றை நாள்வாரியாகப் பதியும் இடையூறுப் பதிவேடு களத்தில் இருந்து, அதில் இரு தரப்பும் கையொப்பமிட்டிருந்தால், வாதம் ஏறத்தாழ அங்கேயே முடிந்துவிடும். அத்தகைய பதிவேட்டைத் துறை வைக்கவில்லை என்றால் உங்கள் கடிதங்களே பதிவேடு.

ஒப்பந்தத்தை மீறியது யார் என்பது தகராறாக இருக்கும்போது, துறையே தன் வழக்குக்குத் தானே நீதிபதியாகி அதை முடிவு செய்ய முடியாது என்று 2011-இல் ஜே.ஜி. இன்ஜினியர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. இழப்பீட்டுத் தொகையை அளவிடும் அதிகாரம் ஒப்பந்தத்தில் இருந்தாலும், மீறல் நடந்ததா என்ற கேள்விக்கு நீதிமன்றமோ நடுவரோதான் விடை சொல்ல வேண்டும்.

கால நீட்டிப்புக் கேட்டு எழுதும் கடிதத்தில் ஒரு நுட்பம் இருக்கிறது. அபராதத்துக்குப் பயந்து, "எங்கள் தரப்புச் சிரமங்களால் தாமதமானது, கருணையுடன் நீட்டிக்க வேண்டுகிறோம்" என்று பணிவாக எழுதுவது பலருக்கும் பழக்கம். அந்தப் பணிவே பிறகு ஒப்புதல் வாக்குமூலமாக வாசிக்கப்படும். துறையின் தாமதத்தால் நேர்ந்த இழப்பைக் கோர எண்ணினால், ஒப்பந்தச் சட்டத்தின் 55-ஆவது பிரிவின்படி, காலம் கடந்த செயல்பாட்டை ஏற்றுக்கொள்ளும் அந்தச் சமயத்திலேயே இழப்பீடு கோரும் எண்ணத்தை அறிவித்திருக்க வேண்டும்.

துறையே ஒப்பந்தத்தை மீறி வேலையைப் பறித்துக்கொண்டது நிரூபணமானால், மீதி வேலையில் கிடைத்திருக்கக்கூடிய லாபத்தையும் கேட்கலாம். 1984-இல் ஏ.டி. பிரிஜ் பால் சிங் வழக்கில், குஜராத் அரசு செய்யவிடாத மீதி வேலையின் மதிப்பில் 15 சதவீதத்தை லாப இழப்பாக உச்ச நீதிமன்றம் ஏற்றது.

நிதி ஒதுக்கீடு வரவில்லை என்று துறை சொல்கிறது. அது சட்டப்படி ஒரு பதிலா?

இல்லை. வேலையை ஏற்றுக்கொண்ட பிறகு பட்ஜெட்டில் பணம் இல்லை என்பது கடனை மறுக்கும் காரணம் ஆகாது. ஒப்பந்தமே அவ்வாறு ஒரு நிபந்தனை விதித்திருந்தால் மட்டும் அதை ஆராய வேண்டியிருக்கும். உண்மையில் இந்தப் பதில் எழுத்தில் வந்தால் உங்களுக்கு நல்லதே. தொகையில் தகராறு இல்லை என்பதற்கு அதைவிடத் தெளிவான ஒப்புதல் வேண்டியதில்லை; அதைக் காட்டி, ஒப்புதலின் அடிப்படையில் உடனடித் தீர்ப்பு கேட்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 12-ஆவது கட்டளை, 6-ஆவது விதி வழிசெய்கிறது.

வட்டி கிடைக்குமா?

ஒப்பந்தம் வட்டியைத் தடுக்கிறதா என்று முதலில் பாருங்கள். தாமதமான தொகைக்கு வட்டி கிடையாது என்ற நிபந்தனை அரசு ஒப்பந்தங்களில் சாதாரணமாகக் காணப்படும். 1996-ஆம் ஆண்டு நடுவர் சட்டத்தின்கீழ், அத்தகைய தெளிவான தடை இருந்தால் தீர்ப்பு நாள் வரையிலான வட்டியை நடுவர் தர முடியாது என்று சயீத் அகமது வழக்கு முதல் உச்ச நீதிமன்றம் சொல்லி வருகிறது. ஆனால் தீர்ப்புக்குப் பிந்தைய வட்டி தனி. நடுவர் வேறு விதமாகச் சொல்லாவிட்டால், தீர்ப்பு நாளில் நடைமுறையில் உள்ள வட்டி விகிதத்தைவிட 2 சதவீதம் கூடுதலாக ஓடும். 2015-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்கு முன் இது 18 சதவீதமாக இருந்தது.

தடை ஏதும் இல்லாத ஒப்பந்தத்தில், வட்டி விகிதமும் பணம் தர வேண்டிய நாளும் குறிப்பிடப்படவில்லை என்றால், 1978-ஆம் ஆண்டின் வட்டிச் சட்டப்படி வட்டி கோரும் எழுத்து அறிவிப்பு கொடுத்த நாளிலிருந்துதான் கணக்கு தொடங்கும். முதல் கடிதத்திலேயே வட்டியையும் கேட்டு எழுதுவது மரியாதைக் குறைவு அல்ல.

சிறு, குறு நிறுவனமாகப் பதிந்திருக்கிறேன். 45 நாள் விதி எனக்குப் பொருந்துமா?

2006-ஆம் ஆண்டின் குறு, சிறு மற்றும் நடுத்தரத் தொழில் வளர்ச்சிச் சட்டம் கவர்ச்சியானது: பணம் தருவது 45 நாட்களைத் தாண்டக் கூடாது, தாண்டினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு, மாதந்தோறும் கூட்டப்படும் கூட்டு வட்டி. ஆனால் பொருளும் உழைப்பும் கலந்த பணி ஒப்பந்தங்கள் இச்சட்டத்துக்குள் வருமா என்பதில் உயர் நீதிமன்றங்களின் கருத்து ஒன்றாக இல்லை. வராது என்று பம்பாய் உயர் நீதிமன்றம் கூறியிருக்கிறது. ஒப்பந்தம் செய்த பிறகு பதிவு செய்தவர்களுக்குக் கூடுதல் சிக்கல். ஆகவே இச்சட்டத்தை மட்டும் நம்பி மூன்று ஆண்டுகளைக் கரைத்துவிட வேண்டாம்.

ஒப்பந்தம் போட்டபோது ஜிஎஸ்டி 12 சதவீதம். பில் வந்தபோது 18 சதவீதம். வித்தியாசத்தை யார் தர வேண்டும்?

அரசுக்கான பணி ஒப்பந்தங்களில் பலவற்றுக்கு இருந்த 12 சதவீத விகிதம் 2022 ஜூலை 18 முதல் 18 சதவீதமானது. ஒப்பந்தப்புள்ளியில் நீங்கள் குறித்த விலை வரியை உள்ளடக்கியதா, வரி நீங்கலானதா, பின்னர் நேரும் சட்ட மாற்றத்தைப் பற்றி நிபந்தனை என்ன சொல்கிறது ஆகிய மூன்றைப் பொறுத்தே விடை அமையும். வித்தியாசத் தொகையை நீங்கள் செலுத்தியதற்கான விவரத்தைப் பணிவாரியாகப் பிரித்து வைத்திருங்கள்; மொத்தமாகச் செலுத்திய கணக்கைக் கொண்டு ஒரு குறிப்பிட்ட பணிக்கான தொகையை நிறுவுவது சிரமம்.

தீர்ப்பு என் பக்கம் வந்துவிட்டது. அதன்பிறகும் பணம் தரவில்லை என்றால்?

நடுவர் தீர்ப்பென்றால், அதை ரத்து செய்யக் கோரி நடுவர் சட்டத்தின் 34-ஆவது பிரிவின்கீழ் மனு போட மூன்று மாதமும், போதிய காரணம் காட்டினால் மேலும் 30 நாளும் மட்டுமே துறைக்கு உண்டு. அதற்கு மேல் ஒரு நாளும் கிடையாது. மனு போட்டதாலேயே தீர்ப்பு நின்றுவிடும் என்ற பழைய நிலை 2015-இல் மாறிவிட்டது. அரசு என்பதால் தொகையைச் செலுத்தாமலே தடையாணை பெறும் சலுகை கிடையாது என்று 2019-இல் பாம் டெவலப்மென்ட்ஸ் எதிர் மேற்கு வங்க அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. எனவே தடையாணை மனு வரும் நாளில், முழுத் தொகையையும் நீதிமன்றத்தில் கட்டச் சொல்லியும், பிணையத்தின்பேரில் அதை எடுத்துக்கொள்ள அனுமதி கேட்டும் வாதிட வேண்டும்; வழக்கு எப்போது முடிந்தாலும், தொழிலை நடத்தத் தேவையான பணம் அதற்குள் கைக்கு வந்துவிடும்.

சிவில் நீதிமன்றத் தீர்ப்பாணையென்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 82-ஆவது பிரிவின்படி, தீர்ப்பாணை நாளிலிருந்து மூன்று மாதங்கள் தொகை செலுத்தப்படாமல் இருந்தால்தான் அரசுக்கு எதிராக நிறைவேற்ற முடியும். அதன்பிறகு நிறைவேற்றல் மனு, வங்கிக் கணக்கு முடக்கம், அலுவலகப் பொருட்கள் ஜப்தி எனப் படிகள் செல்லும். அலுவலக வாகனத்தை ஜப்தி செய்ய நீதிமன்ற ஊழியரான அமீனா வந்து நிற்கும்போது, அதுவரை வராத நிதி திடீரென்று வந்துவிடுவது பழகிப்போன காட்சி.

மத்திய அரசும் அதன் நிறுவனங்களும் தொடர்பான பழைய தகராறுகளுக்காக, 2023-இல் விவாத் சே விஸ்வாஸ் இரண்டாம் திட்டம் வந்தது. 2023 ஏப்ரல் 30 வரையிலான நீதிமன்றத் தீர்ப்புகளுக்கு 85 சதவீதம் வரையும், அந்த ஆண்டு ஜனவரி 31 வரையிலான நடுவர் தீர்ப்புகளுக்கு 65 சதவீதம் வரையும் தந்து முடித்துக்கொள்ள அது வழிசெய்தது. மாநிலத் துறைகளுக்கு அது பொருந்தவில்லை. இத்தகைய திட்டம் மீண்டும் வந்தால், மேல்முறையீட்டில் கழியும் ஆண்டுகளுக்கான வட்டியையும் வழக்குச் செலவையும் கூட்டிக் கழித்துப் பார்த்தே முடிவெடுக்க வேண்டும். 65 சதவீதம் எப்போதும் நட்டம் என்று சொல்லிவிட முடியாது.

எங்கள் கூட்டு நிறுவனம் பதிவு செய்யப்படவில்லை. வழக்குத் தொடுக்கலாமா?

1932-ஆம் ஆண்டின் கூட்டாண்மைச் சட்டத்தின் 69-ஆவது பிரிவு, ஒப்பந்த உரிமையை நிலைநாட்டப் பதிவு செய்யாத நிறுவனம் தொடுக்கும் வழக்கைத் தடுக்கிறது. வழக்குத் தாக்கலுக்கு முன் பதிவு செய்து, பங்காளிகள் பெயரும் பதிவேட்டில் ஏறியிருக்க வேண்டும். இந்தத் தடை நடுவர் நடவடிக்கைக்குப் பொருந்தாது என்று 2016-இல் உமேஷ் கோயல் வழக்கில் தீர்ப்பானது.

வழக்கு நடக்கும்போதே ஒப்பந்ததாரர் இறந்துவிட்டால்?

பணம் பெறும் உரிமை வாரிசுகளுக்குச் செல்லும். ஆனால் 90 நாட்களுக்குள் சட்டப்படியான வாரிசுகளை வழக்கில் சேர்க்க மனு செய்ய வேண்டும்; தவறினால் வழக்கு அற்றுப்போகும், அதை மீட்கத் தனியே மனு செய்து தாமதத்துக்குக் காரணம் காட்ட வேண்டியிருக்கும். வழக்குத் தொடுக்கும் முன்பே இறந்திருந்தால், கடன் தொகைக்குத் தீர்ப்பாணை பெற வாரிசுகள் 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின்கீழ் நீதிமன்றம் வழங்கும் வாரிசுரிமைச் சான்றைக் காட்ட வேண்டிவரும். வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ் அதற்கு ஈடாகாது.